இனம் என்னும் மாயை
(ஒரு படம் தரும் பாடம்)

மக்களுள் 'இனம்' என்னும் பிரிவு இயற்கையில் உண்டா? உண்டெனில் அதை அளந்து காட்ட இயலுமா? இல்லையெனில், இல்லாத ஒன்று ஒரு நாட்டு மக்களின் வாழ்வையும் தாழ்வையும் முடிவு செய்தது எவ்வாறு? இம்மூன்று வினாக்களுக்கும் விடை தேடும் ஆவணப் படம் ஒன்றைப் பற்றி நம் சங்க நண்பர்களுக்குச் சொல்ல விரும்புகிறேன். 'ரேஸ்: தி பவர் ஆஃப் அன் இல்யூஷன்' என்பது அதன் பெயர். 'இனம்: ஒரு மாயையின் வல்லமை' என்று தமிழில் கூறலாம். 2003ஆம் ஆண்டு அமெரிக்கப் பொதுத் தொலைக்காட்சியில் வெளிவந்த இப்படம் மூன்று பகுதிகள் உடையது. முதற்பகுதி அறிவியல், இரண்டாவது வரலாறு, மூன்றாவது சட்டமும் பொருளாதாரமும்.

1. ஆய்வுக்கூடம் சொல்வது

பல நிறத்து மாணவர்கள் ஓர் ஆய்வுக்கூடத்தில் கூடுகின்றனர். "உங்களுள் மரபணுவால் யாருக்கு யார் மிக நெருக்கம்?" என்பது கேள்வி. தம்மைப் போன்ற தோற்றம் உடையவரே தமக்கு நெருக்கமாயிருப்பர் என்று எதிர்பார்க்கின்றனர். சோதனை முடிவோ பலருடைய எதிர்பார்ப்பைப் பொய்யாக்கி விடுகிறது.

காரணம் என்ன? தோலின் நிறம் பெரும்பாலும் ஞாயிற்றின் புற ஊதாக் கதிர்களுக்கு ஏற்ப அமைந்தது. நிலநடுக் கோட்டிலிருந்து விலக விலக அது படிப்படியாக வெளுக்கிறது. 'இங்கே ஓர் இனம் முடிந்தது, அங்கே மற்றோர் இனம் தொடங்கிற்று' என்று கோடு கிழிக்க இடமே இல்லை. அரிவாள் வடிவ இரத்த அணு நோயைக் 'கறுப்பர் நோய்' என்று நெடுநாள் அழைத்தார்கள். உண்மையில் அது மலேரியா பரவிய நிலங்களோடு தொடர்புடையது. மத்தியதரைக் கடற்கரையிலும் அரேபியாவிலும் உண்டு. நம் நீலகிரிப் பழங்குடி மக்களிடமும் அந்த அணு இருப்பதை 1952இல் ஆராய்ச்சியாளர் வெளியிட்டனர்.

நூலகத்துப் புத்தகங்களை அட்டையின் நிறம் பார்த்து அடுக்கினால் என்ன ஆகும்? ஒவ்வோர் அடுக்கிலும் கணிதமும் இருக்கும், காவியமும் இருக்கும். தோலின் நிறம் கொண்டு மக்களைப் பிரிப்பதும் இத்தகையதே. இரத்த வகை ஒரு விதமாகப் பிரிக்கும். உயரம் வேறு விதமாகப் பிரிக்கும். ரிச்சர்ட் லெவான்டின் என்னும் அறிஞர் 1972இல் இரத்த வகைகளையும் புரதங்களையும் கொண்டு கணக்கிட்டார். மனித மரபு வேறுபாட்டில் ஏறத்தாழ 85 விழுக்காடு ஒரே மக்கட் கூட்டத்துக்கு உள்ளேயே காணப்படுகிறது என்பது அவர் கண்ட முடிவு.

2. கொள்கை பிறந்த கதை

'கறுப்பர் தாழ்ந்தவர் என்று எண்ணினார்கள். ஆகவே அடிமையாக்கினார்கள்' என்றே நாம் பொதுவாக நினைக்கிறோம். படம் இதைத் தலைகீழாக்கிக் காட்டுகிறது. புகையிலைத் தோட்டத்துக்கு ஆள் வேண்டியிருந்தது. அடிமை முறை வளர்ந்தது. அதற்கு நியாயம் பின்னர் கற்பிக்கப்பட்டது. 1776இல் 'எல்லா மனிதரும் சமம்' என்னும் பிரகடனத்தை எழுதிய ஜெபர்சனே அடிமைகளை வைத்திருந்தார். இரண்டையும் ஒருங்கே வைத்துக்கொள்ள வேண்டுமாயின், அடிமையானவன் முழு மனிதன் அல்லன் என்று சொல்லியாக வேண்டுமன்றோ? அதைச் சொல்ல அறிவியலும் துணைக்கு அழைக்கப்பட்டது. சாமுவேல் மார்ட்டன் என்பார் மண்டையோடுகளில் விதைகளை நிரப்பி அளந்து, இனங்களை வரிசைப்படுத்தி 1839இல் நூல் வெளியிட்டார். அளவுகோல் கையில் இருந்துவிட்டால் மட்டும் அது அறிவியல் ஆகிவிடாது என்பதற்கு இதனினும் சான்று வேண்டா.

3. நீதிமன்றத்தில் ஓர் இந்தியர்

மூன்றாம் பகுதியே என்னை மிகவும் சிந்திக்க வைத்தது. 1790ஆம் ஆண்டுச் சட்டப்படி வெளிநாட்டார் அமெரிக்கக் குடியுரிமை பெற 'வெள்ளையராக' இருத்தல் வேண்டும். 1870இல் ஆப்பிரிக்க வழியினருக்கும் வழி திறந்தது. ஆசியர் நிலை என்ன?

ஜப்பானில் பிறந்து, அமெரிக்காவில் கல்வி கற்ற தக்காவோ ஒசாவா வழக்குத் தொடுத்தார். 'வெள்ளையர் என்றால் காக்கேசிய இனத்தவர். நீர் அவ்வினத்தவர் அல்லர்' என்று 1922 நவம்பரில் உச்ச நீதிமன்றம் கூறிற்று. மூன்று மாதம் கழித்து, 1923 பிப்ரவரியில், பஞ்சாபியரான பகத்சிங் திந்தின் வழக்கு வந்தது. அவர் அமெரிக்கப் படையில் பணி புரிந்தவர். அக்கால இன நூல்கள் வட இந்தியரைக் காக்கேசியர் என்றே வகுத்திருந்தன. ஆனால் நீதிமன்றமோ, 'நூலோர் கூறுவது எங்களுக்கு வேண்டா. சாதாரண மனிதன் வெள்ளையர் என்று யாரைக் கருதுகிறானோ அவரே வெள்ளையர்' என்று தீர்ப்பளித்தது. இரு தீர்ப்புகளையும் எழுதியவர் ஒரே நீதிபதி, ஜார்ஜ் சதர்லண்டு!

அதன்பின், முன்னரே குடியுரிமை பெற்ற இந்தியரும் அதை இழந்தனர். சான்பிரான்சிஸ்கோவில் கடை வைத்திருந்த வைஷ்ணோ தாஸ் பகாய் அவர்களுள் ஒருவர். 1928இல் அவர் தம் உயிரை மாய்த்துக்கொண்டார். இந்தியருக்குக் கதவு மீண்டும் திறந்தது 1946இல்தான்.

வீட்டுக் கடன் கதையும் இப்பகுதியிலேயே வருகிறது. 1934 முதல் அரசின் பொறுப்புறுதியால் நடுத்தர மக்களுக்கு எளிய தவணையில் வீடு கிடைத்தது. ஆனால் கறுப்பர் வாழும் பகுதிகளை வரைபடத்தில் சிவப்பு வண்ணத்தால் குறித்து, 'ஆபத்தானவை' என்று ஒதுக்கினர். 1962 வரை இவ்வாறு துணை பெற்ற 12,000 கோடி டாலரில் வெள்ளையர் அல்லாதார்க்குப் போனது 2 விழுக்காட்டுக்கும் குறைவு என்று படம் கணக்குக் காட்டுகிறது. வீட்டின் விலை ஏறும். அது பிள்ளைகளுக்குச் சொத்தாகும். அவ்வூர் வீட்டு வரியிலிருந்து பள்ளிக்குப் பணம் வரும். ஆகவே 1968இல் வீட்டுவசதிச் சட்டம் வந்த பின்னும் பழைய வேறுபாடு மறையவில்லை. மாயையின் வல்லமை இதுவே: இயற்கையில் இல்லாதது பத்திரத்திலும் வரைபடத்திலும் எழுதப்பட்டுவிட்டால் உண்மையாகிவிடுகிறது.

4. நமக்கு என்ன?

'அமெரிக்காவின் குறை; நமக்கென்ன?' என்று இருந்துவிட முடியாது. திந்தின் வழக்குரையை நினைத்துப் பாருங்கள். 'இனப் பாகுபாடு தவறு' என்று அவர் தரப்பு வாதாடவில்லை. 'நான் உயர் சாதி; என் ஆரியக் குருதி கலப்படையாதது; ஆகவே நானும் வெள்ளையன்' என்பதே வாதம். நம் நாட்டுச் சாதி அகந்தையைக் கடல் கடந்து கொண்டுபோய், அந்த நாட்டு நிறவெறியோடு உறவு கொண்டாட முயன்றார்கள், அதுவும் பலிக்கவில்லை. தன்னை மட்டும் மேலே தூக்கிவிடக் கேட்டாரேயன்றி ஏணியை அகற்றக் கேட்டாரில்லை.

ஆரியம், திராவிடம் என்பன மொழிக் குடும்பங்களின் பெயர்கள். மொழிப் பெயரைக் குருதிப் பெயராக்குதல் பிழை என்று மாக்ஸ்முல்லரே 1888இல் எச்சரித்தார். ஆயினும் இந்த விடுதியில் என் கையருகே தம் கையை வைத்து நிறம் ஒப்பிட்டு நகைத்தவர் உண்டு. எனக்கு அது வருத்தம் தந்தது. அதே வேளையில், ஊரில் 'சிவந்த பெண் தேவை' என்று விளம்பரம் தருவோர் நம் தமிழரே என்பதையும் மறைக்க முடியுமா? நம்மை நகைப்பவரைக் கண்டிக்கும் உரிமை நமக்கு உண்டு. நம் வீட்டு வழக்கத்தை ஆராயும் கடமையும் உண்டு.

இப்படத்தை நம் சங்கத்தில் மூன்று மாலைகளில் திரையிடலாம். ஒவ்வொரு பகுதிக்கும் பின் அரைமணி நேரம் விவாதிக்கலாம். பிற மாநில நண்பர்களையும் அழைக்க வேண்டும் என்பது என் வேண்டுகோள். நாம் மட்டும் கூடிப் பேசிக் கலைவதற்கு உரிய செய்தி அன்று இது.