இணையப் பக்கத்தில் பிரிண்ட் வசதி: நம் பிள்ளைகளுக்கு ஒரு பாடம்



பள்ளி, கல்லூரி திறக்கும் பருவத்தில் மயிலாப்பூர், தி.நகர், அடையாறு பக்கத்து ஜெராக்ஸ் கடைகளில் நின்று பாருங்கள். கல்வி உதவித்தொகை விண்ணப்பத்தை இணையத்தில் நிரப்பிவிட்டு அதைத் தாளில் எடுக்க வந்த தாய்மார்கள் வரிசையில் இருப்பார்கள். எல்லாமே இணையம் என்று சொன்னாலும், கடைசியில் ஒரு தாளில் கையெழுத்திட்டு, கல்லூரி முத்திரை வாங்கி, சான்றிதழ் நகல்களோடு சேர்த்துத்தான் பல இடங்களில் கொடுக்க வேண்டியிருக்கிறது. அந்தத் தாளில் வலப்பக்கக் கட்டம் வெட்டுப்பட்டிருக்கும், அல்லது கையெழுத்து இடம் மட்டும் தனியாக இரண்டாம் தாளுக்குப் போயிருக்கும். சில தாள்களில் விண்ணப்ப எண்ணின் மேல் மெனுப்பட்டி ஏறி உட்கார்ந்திருக்கும். "சரியாக எடுத்து வாருங்கள்" என்று திருப்பி அனுப்புவார்கள். அன்று கடைசி நாளாக இருந்தால் ஓராண்டு உதவி போய்விடும். பிழை அந்தத் தாயிடமும் இல்லை, கடைக்காரரின் பிரிண்டரிடமும் இல்லை. பக்கத்தை உருவாக்கியவர் தாளை நினைக்காமல் உருவாக்கியதுதான் பிழை.

நம் மஹல்லாப் பிள்ளைகளில் பலர் இன்று பி.சி.ஏ., கணினி அறிவியல் படிக்கிறார்கள். ஜமாஅத்துக்கும் மதரஸாவுக்கும் உறவினர் கடைகளுக்கும் இணையப் பக்கம் செய்து தருகிறார்கள். இந்தப் பாடம் அவர்களுக்காக. கட்டளைகளை இங்கே தமிழ் எழுத்தில் தந்திருக்கிறேன். கணினியில் ஆங்கிலச் சிற்றெழுத்தில் தட்ட வேண்டும்.

முதல் பகுதி மிக எளிது. பக்கத்தில் ஒரு பட்டன் வைத்து, அதை அழுத்தினால் 'விண்டோ.பிரிண்ட்()' என்ற ஒரே கட்டளை ஓடும்படி செய்தால் போதும். 1995-இல் நெட்ஸ்கேப் நிறுவனத்தில் பிரெண்டன் ஐக் ஜாவாஸ்கிரிப்ட் மொழியை உருவாக்கினார். அதற்குச் சில ஆண்டுகளிலேயே பிரவுசர்களில் வந்துவிட்ட பழைய கட்டளை இது. அது செய்வது ஒன்றே ஒன்று: பிரவுசரின் பிரிண்ட் பெட்டியைத் திறந்து காட்டும். எந்தப் பிரிண்டர், எத்தனை பிரதி என்பதையெல்லாம் பயனர்தான் முடிவு செய்வார். நம் ஜாவாஸ்கிரிப்ட் அதில் கை வைக்க முடியாது. முடிந்தால், போகிற வழியில் திறந்த பக்கமெல்லாம் நம் வீட்டு மையைத் தீர்த்துவிடும் அல்லவா?

பட்டன் வைத்ததோடு வேலை முடிந்தது என்று நினைப்பதால்தான் மேலே சொன்ன தொல்லைகள் வருகின்றன. திரைக்கு அடி என்று ஒன்று கிடையாது, விரலால் தள்ளத் தள்ளக் கீழே போய்க்கொண்டே இருக்கும். தாளுக்கு அடி உண்டு. ஏ4 தாள் 210 மில்லிமீட்டர் அகலம், 297 மில்லிமீட்டர் உயரம், அவ்வளவுதான். திருவல்லிக்கேணியில் 1927-இல் சையத் அஸ்மத்துல்லாஹ் தொடங்கிய 'தி முஸல்மான்' உருது நாளிதழைப் பெரியவர்கள் அறிவார்கள். காத்திபுகள் கையால் எழுதி, பின் அச்சிட்ட இதழ். கடைசி நேரச் செய்திக்காக முதல் பக்கத்தில் ஒரு மூலையைக் காலியாக விட்டு வைப்பார்களாம். தாள் எங்கே முடிகிறது என்று தெரிந்து எழுதியவர்கள் அவர்கள். இணையப் பக்கம் எழுதும் நம் பிள்ளைகளுக்கும் அந்தக் கணக்கு வேண்டும்.

தாளுக்கான கணக்கை ஜாவாஸ்கிரிப்ட்டில் எழுத வேண்டாம், அதற்கு சி.எஸ்.எஸ். இருக்கிறது. '@மீடியா பிரிண்ட்' என்று ஒரு பகுதி திறந்து, அதற்குள் எழுதுவதெல்லாம் தாளுக்கு மட்டுமே பொருந்தும். மெனு, தேடல் பெட்டி, அந்தப் பிரிண்ட் பட்டன் ஆகியவற்றுக்கு 'டிஸ்ப்ளே: நன்' கொடுத்து மறையுங்கள். '@பேஜ்' என்பதில் தாளின் அளவையும் ஓரத்தையும் சொல்லுங்கள், 15 மில்லிமீட்டர் ஓரம் விட்டால் கோப்பில் கட்டவும் துளையிடவும் இடம் இருக்கும். கையெழுத்துப் பகுதி இரண்டாக உடையாமலிருக்க அதற்கு 'பிரேக்-இன்சைட்: அவாய்ட்' கொடுங்கள். நீண்ட பட்டியலின் தலைப்பு வரிசையை 'டி-ஹெட்' குறிக்குள் வைத்தால் அது ஒவ்வொரு தாளிலும் தானாக மீண்டும் வரும். பின்னணி நிறங்களைப் பிரவுசர் பொதுவாக அச்சிடாது. ஆகவே கரும்பச்சைப் பட்டையில் வெள்ளை எழுத்தாகத் தலைப்பு வைத்திருந்தால் தாளில் அது காணாமல் போகலாம். தாளுக்குக் கறுப்பு எழுத்தே நல்லது. ஜெராக்ஸ் எடுக்கும்போதும் அதுதான் நிற்கும்.

பல பேரைத் தலையைப் பிய்த்துக்கொள்ள வைக்கும் சிக்கல் ஒன்று உண்டு. பத்துப் பக்கப் பட்டியல், அச்சில் முதல் பக்கம் மட்டுமே வருகிறது. காரணம் பெரும்பாலும் இதுதான்: திரையின் உயரத்துக்கு ஒரு பெட்டி கட்டி, அதற்குள் பட்டியல் உருளும்படி வைத்திருப்பார்கள். தாளில் உருட்ட முடியாது, பெட்டியின் வாய்க்குத் தெரிந்தது மட்டும் அச்சாகும். '@மீடியா பிரிண்ட்' பகுதியில் அந்தப் பெட்டிக்கும் அதைச் சுற்றியுள்ள வெளிப் பெட்டிகளுக்கும் 'ஹைட்: ஆட்டோ', 'ஓவர்ஃப்ளோ: விசிபிள்' என்று கொடுத்தால் மீதிப் பக்கங்களும் வந்துவிடும்.

பக்கத்தில் ஒரு பகுதியை மட்டும் அச்சிட வேண்டும் என்றால், முழுப் பக்கத்தையும் அழித்து அந்தப் பகுதியை மட்டும் வைத்து, அச்சிட்டபின் பழையதைத் திரும்ப ஒட்டும் ஒரு குறுக்குவழியைப் பழைய பாடங்களில் காணலாம். அதைத் தொடாதீர்கள். திரும்ப ஒட்டிய பக்கத்தில் பட்டன்கள் செத்துக் கிடக்கும், படிவத்தில் தட்டியதும் போய்விடும். வேண்டாததை மறைப்பதே நேர்வழி.

தமிழ் எழுத்துக்கு வருகிறேன். இதைப் பாடப்புத்தகத்தில் பெரும்பாலும் சொல்லித் தருவதில்லை. பிள்ளைகள் பலர் அச்சுக்காக 'ஜேஎஸ்பிடிஎஃப்' போன்ற நூலகங்களை எடுத்து ஜாவாஸ்கிரிப்ட்டிலேயே பி.டி.எஃப். கோப்பு செய்கிறார்கள். ஆங்கிலத்துக்கு அது நன்றாகவே வேலை செய்யும். தமிழுக்கு முதல் தடை, அதில் கூடவே வரும் எழுத்துருக்களில் தமிழ் இல்லை. தமிழ் எழுத்துருவைச் சேர்த்தாலும் இரண்டாவது தடை நிற்கும். 'ஷேக்' என்ற பெயரை ஒருங்குறியில் சேமிக்கும்போது முதலில் 'ஷ', அதற்குப் பிறகுதான் இரட்டைக் கொம்பு. கண்ணுக்குக் காட்டும்போது கொம்பை எடுத்து முன்னால் வைக்க வேண்டும். பிரவுசர் அதைச் செய்கிறது. இந்த நூலகம் தானாகச் செய்வதில்லை. விளைவு, 'பேகம்' என்ற பெயரில் கொம்பு 'ப'வுக்குப் பின்னால் போய் நிற்கும். ஆதாரில் ஒரு மாதிரியும் ரசீதில் ஒரு மாதிரியும் பெயர் இருந்தால் கஷ்டம் யாருக்கு?

இந்தக் கொம்புக் கதைக்குச் சென்னையில் ஒரு வரலாறும் உண்டு. முன்பு ஒவ்வொரு எழுத்துருவும் தனக்கென ஒரு குறியீட்டு முறை வைத்திருந்தது. ஒரு கணினியில் தட்டியது மறு கணினியில் புரியாத கிறுக்கலாக வரும். 1999 பிப்ரவரியில் சென்னையில் நடந்த 'தமிழ்நெட் 99' மாநாட்டை ஒட்டித்தான் தமிழ்99 விசைப்பலகையும் டாம், டாப் குறியாக்கங்களும் தரப்படுத்தப்பட்டன. பார்க்கும் வரிசையிலேயே கொம்பை முதலில் சேமிக்கும் முறைகள் அவை. 2010-இல் கோவைச் செம்மொழி மாநாட்டின்போது தமிழக அரசு ஒருங்குறியை ஏற்றது. ஆகவே உங்கள் ஜமாஅத்தின் பழைய உறுப்பினர் பட்டியல் அந்தக் காலத்து எழுத்துருவில் இருந்தால், முதலில் அதை ஒருங்குறிக்கு மாற்றிவிட்டுப் பிறகு அச்சுக்கு வாருங்கள். அச்சுக்கு 'விண்டோ.பிரிண்ட்' போதும். பிரிண்ட் பெட்டியிலேயே 'பி.டி.எஃப். ஆகச் சேமி' என்ற வசதி இருக்கிறது, எழுத்துகள் ஒழுங்காக விழும். இணையத்திலிருந்து இறங்கும் எழுத்துரு என்றால் 'டாகுமெண்ட்.ஃபான்ட்ஸ்.ரெடி' என்பது முடியும்வரை காத்திருந்து பிரிண்ட் கட்டளையைக் கொடுங்கள். இல்லாவிட்டால் எழுத்துரு வந்து சேருமுன்னே வெற்றுத் தாள் வந்துவிடும்.

அடுத்து, ரசீது. எந்த அறக்கட்டளைக்கும் இது அமானத் சம்பந்தப்பட்ட விஷயம். பிரிண்ட் பெட்டி மூடியதும் 'ஆஃப்டர்பிரிண்ட்' என்ற சமிக்ஞை வரும். "இது வந்தால் அச்சாகிவிட்டது என்று பொருள், அப்போது ரசீது எண்ணைப் பதிவு செய்யலாம்" என்று சில மாணவர்கள் எழுதிவிடுகிறார்கள். அப்படி இல்லை. பயனர் 'வேண்டாம்' என்று மூடினாலும் அந்தச் சமிக்ஞை வரும். பிரிண்டரில் தாள் சிக்கினாலும் பக்கத்துக்குத் தெரியாது. ஆகவே பணம் பதிவாகும் நேரத்திலேயே, சர்வரில், ரசீது எண் பிறந்துவிட வேண்டும். அச்சிடுவது அந்தப் பதிவின் நிழல் மட்டுமே. இரண்டாம் முறை அச்சிட்டால் அதே எண்ணோடு 'நகல்' என்று தாளில் விழட்டும், புது எண் விழக்கூடாது. ஒரே ஜகாத் தொகைக்கு இரண்டு எண் போனால் ஆண்டுக் கணக்கில் யார் பதில் சொல்வது? 2021–22 நிதியாண்டு முதல் 80ஜி சலுகைக்குரிய நன்கொடைகளை 10பிடி படிவத்தில் வருமானவரித் துறைக்குத் தாக்கல் செய்யும் முறையும் வந்துவிட்டது. கொடுத்தவர் கையிலுள்ள தாளும் அந்தத் தாக்கலும் ஒத்துப்போக வேண்டும்.

இதற்கு நல்ல முன்மாதிரி நம் மாநிலத்திலேயே இருக்கிறது. தமிழக அரசின் நிலப் பதிவேட்டு இணையத்தளத்தில் எடுக்கும் பட்டா நகலில் குறிப்பு எண்ணும் கியூஆர் குறியீடும் இருக்கும். தாளை வாங்குபவர் அதை வைத்து மூலப் பதிவைத் திறந்து சரிபார்க்கலாம். தாளை நம்பச் சொல்லாமல், பதிவைப் பார்க்கச் சொல்கிறார்கள். நம் ரசீதிலும் ஒரு கியூஆர் வைப்பது பெரிய வேலை அல்ல. ஆனால் அதைத் திறந்தால் தொகையும் தேதியும் மட்டும் தெரியட்டும். உதவி பெற்ற குடும்பத்தின் பெயர் ஊராருக்குத் தெரிய வேண்டியதில்லை.

கைபேசி பற்றியும் ஒரு வார்த்தை. குரோமில் திறந்தால் பிரிண்ட் பட்டன் வேலை செய்யும். சில செயலிகளுக்குள்ளேயே திறக்கும் சிறு பிரவுசரில் அழுத்தினால் ஒன்றும் நடக்காது, பிழைச் செய்தியும் வராது. பட்டனுக்குக் கீழே "வேலை செய்யாவிட்டால் குரோமில் திறக்கவும்" என்று ஒரு வரி எழுதி வையுங்கள், கடைக்கு அலையும் தாய்மார்களுக்குப் பாதி நாள் மிச்சம். அந்த வரியையும் தாளில் மறைக்க மறக்காதீர்கள்.

பக்கத்தை வெளியிடுமுன் வீட்டுக் கலர் பிரிண்டரில் மட்டும் பார்த்துத் திருப்தி அடையாமல், பக்கத்து ஜெராக்ஸ் கடையின் கறுப்பு வெள்ளை இயந்திரத்தில் ஒரு முறை எடுத்துப் பாருங்கள். உங்கள் பட்டியலிலேயே மிக நீண்ட பெயர், இரண்டு தாளுக்கு ஓடும் விண்ணப்பம், கொம்புள்ள ஓர் எழுத்து என மூன்றும் அந்தச் சோதனையில் இருக்கட்டும்.