விடியும்வரை ஓடட்டும் கேமரா

தெருக்கூத்தை ஆவணப்படம் எடுக்கப் போகிறவர்களில் பலர் நள்ளிரவுக்குள் நல்ல காட்சிகளாகப் பொறுக்கிக்கொண்டு கிளம்பிவிடுகிறார்கள். படத்துக்கு அது போதும், கூத்துக்குப் போதாது. நாளைக்கு ஒரு பையன் ‘கர்ண மோட்சம்’ நாடகத்தைக் கற்க உட்கார்ந்தால், அவனுக்கு வேண்டியது வெட்டாத முழு இரவு.

வட மாவட்டங்களில் பங்குனி பிறந்தால் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதக் கூத்து தொடங்கிவிடும். அதற்கு முன்பே கூத்து வாத்தியாரைப் போய்ப் பாருங்கள். கையில் கேமரா வேண்டாம். யூடியூபில் போடுவீர்களா, காசு வந்தால் யாருக்கு என்பதையெல்லாம் ஜமாவில், அதாவது கூத்துக் குழுவில், எல்லோர் முன்னிலையிலும் பேசி எழுதிக்கொள்ளுங்கள். கோயில் தர்மகர்த்தாவின் சம்மதமும் வேண்டும்.

ஒரு கேமரா ஸ்டாண்டிலேயே நிற்கட்டும். ஆடுகளமும் பின்பாட்டுக்காரர்களும் சேர்ந்து தெரிய வேண்டும். தரையில் உட்கார்ந்திருக்கும் கிழவிகளை மறைக்காத இடமாகப் பாருங்கள். நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 என்று வைத்தால் டியூப்லைட் மினுக்கல் பெரும்பாலும் விழாது. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். 100 மெகாபிட்டில் 4கே எடுத்தால் மணிக்கு 45 ஜிபி, எட்டு மணி நேரத்துக்கு 360 ஜிபி ஆகும். கார்டுகளைக் கணக்குப் பார்த்து எடுத்துப் போங்கள்.

ஒலிதான் முக்கியம். குழாய் ஸ்பீக்கரில் வருவதைப் பதிந்தால் முகவீணை கீச்சிடும், மிருதங்கம் காணாமல் போகும். மைக்செட்காரரிடம் கேட்டு மிக்ஸரிலிருந்து ஒரு வயர் வாங்குங்கள். இன்னொரு ரெக்கார்டரைத் தாளக்காரர் பக்கத்தில் வையுங்கள். ஜெனரேட்டர் எங்கே நிற்கப்போகிறது என்று சாயங்காலமே விசாரித்துவிடுங்கள்.

இரண்டாவது கேமராவோடு ஒப்பனை நடக்கும் இடத்துக்குப் போங்கள். கைக்கண்ணாடியைப் பிடித்துக்கொண்டு ஒருவர் தன் முகத்தில் தானே கோடு இழுப்பார். எந்த நிறம் முதலில், எது மேலே என்று வரிசை விடாமல் எடுங்கள். கல்யாண முருங்கை மரத்தில் செதுக்கிய புஜக்கட்டைகளைக் கட்டும் முடிச்சைக் கிட்டத்தில் எடுங்கள். அந்த முடிச்சு தளர்ந்தால் கிறுகி ஆட முடியாது.

துரியோதனனை வதைக்கும் படுகளத்தன்று அவன் மண்ணுருவத்தைச் சுற்றிக் கூட்டம் நெருக்கும். சாமி வந்து ஆடுகிறவர்களின் முகத்தருகே கேமராவைக் கொண்டுபோகாதீர்கள். அது அவர்களுடைய வேண்டுதல்.

வாத்தியாரின் பேட்டியைக் கூத்துக்கு மறுநாள் வைக்காதீர்கள், தொண்டை கட்டியிருக்கும். ஓய்வான ஒரு பகலில் அவரை ஒரே காட்சியை மெதுவாகப் பாடி, அடவு அடவாக ஆடிக் காட்டச் சொல்லுங்கள். கோமாளியாக வரும் கட்டியக்காரன் ஊருக்கு ஊர் என்ன மாற்றிப் பேசுவான் என்றும் கேளுங்கள். மொத்த வேலையிலும் நான் விலைமதிப்புள்ளதாக நினைப்பது இந்தப் பகல்தான்.

ஊர், தேதி, நாடகம், யார் எந்த வேஷம், யாரிடம் கற்றார் என்பதை அன்றன்றே எழுதுங்கள். மூன்று நகல் வேண்டும், ஒன்று வேறு ஊரில் இருக்கட்டும். ஜமாவுக்குத் தருவதைக் காட்சி காட்சியாகப் பிரித்து, செல்போனில் ஓடும் அளவுக்குச் சிறிதாக்கிக் கொடுங்கள்.