மன்னிப்பும் சாட்சியமும்



இரண்டு ஞாயிறுகளுக்கு முன் பூசை முடிந்து வெளியே வந்தபோது, குரும்பகரத்து அம்மாள் ஒருவர் கோயில் வாசலில் நம்மை நிறுத்தினார். "உபதேசியாரே, பிள்ளையைப் பறிகொடுத்தவ கோர்ட்டிலே போய்ச் சாட்சி சொன்னா அது பாவமாங்க? மன்னிக்கணும்னுதானே நமக்குச் சொல்லியிருக்கு?" என்று கேட்டார்.

கேள்வி அவருக்காக அல்ல, அவர் தங்கைக்காக. தங்கை எல்லைக்கு அப்பால் தமிழ்நாட்டுப் பக்கம் வாழ்க்கைப்பட்டவர். ஒரே மகன் கொலையுண்டான். வழக்கு செஷன்ஸ் கோர்ட்டுக்கு வந்து, தாய்க்குச் சம்மனும் வந்துவிட்டது. சம்மன் வந்த மறுவாரமே எதிரியின் உறவினர் நாலு பேர் தட்டில் பழமும் வெற்றிலைபாக்குமாக வீட்டுக்கு வந்தார்களாம். "போன உயிர் திரும்பப் போறதில்லை. நீங்க வேதக்காரங்க. மன்னிச்சுட்டோம்னு நினைச்சுக்கிட்டு, நான் ஒண்ணும் பார்க்கலைன்னு ஒரு வார்த்தை சொல்லிடுங்க, போதும்" என்று மிகவும் பணிவாகச் சொன்னார்களாம்.

வாசலில் நின்றபடி நாம் சொன்ன பதில் நமக்கே திருப்தியாக இல்லை. ஆகையால் இந்த வாரப் பாடத்தை இதற்கென்றே ஒதுக்குகிறோம்.

காவிரிக் கடைமடையில் பிறந்தவர்களுக்கு மனுநீதிச் சோழன் கதையைச் சொல்லித்தர வேண்டியதில்லை. திருவாரூரில் கல்தேரையே பார்த்திருப்பீர்கள். கன்றை இழந்த பசு ஆராய்ச்சி மணியை அடித்தது. அரசன் தன் மகனையே தேர்க்காலில் இட்டான். இதுவரை எல்லாருக்கும் நினைவிருக்கிறது. முடிவைத்தான் பலர் மறந்துவிடுகிறோம். கடைசியில் கன்றும் எழுந்தது, இளவரசனும் எழுந்தான் என்று கதை முடிகிறது. அப்படி முடித்ததற்குக் காரணம் உண்டென்றே நமக்குத் தோன்றுகிறது. அரசகுமாரன் செத்ததனால் பசுவின் மடியில் கட்டிய பால் இறங்கிவிடவில்லை.

நம் காலத்துக் கோர்ட்டில் கன்று எழுவதில்லை. அப்படியிருந்தும் தாயும் தகப்பனும் எதற்காக அங்கே படியேறுகிறார்கள்?

தரங்கம்பாடி, சீர்காழி கடந்து கொள்ளிடம் தாண்டினால் சிதம்பரம். அங்கே அண்ணாமலை நகரில் ராஜா முத்தையா வைத்தியக் கல்லூரியில் முதல் வருஷம் படித்த நாவரசு என்ற மாணாக்கன் 1996-ஆம் வருஷம் நவம்பர் 6-ந் தேதி கொல்லப்பட்டான். தகப்பனார் பொன்னுசாமி அப்போது சென்னைப் பல்கலைக்கழகத் துணைவேந்தர். தீபாவளிக்கு வீடு வரவேண்டிய பிள்ளை வரவில்லை. ராகிங் கொடுமையில் தொடங்கிய விவகாரம் அது. மூத்த மாணாக்கன் ஜான் டேவிட் நவம்பர் 14-ந் தேதி மன்னார்குடி மாஜிஸ்டிரேட்டிடம் சரணடைந்தான். (கிறிஸ்தவப் பெயர் என்று அன்று நம் வீடுகளில் பலர் கூசினார்கள். பெயரைப் பார்த்து வழக்கை நிறுப்பது யாருக்கும் அழகல்ல. கூசுவதும் அதில் சேர்ந்ததுதான்.)

அந்தப் பிள்ளையின் உடல் ஒரே இடத்தில் கிடைக்கவில்லை. அதை விவரிக்க மனம் வரவில்லை. ஒன்றை மாத்திரம் சொல்ல வேண்டும். கிடைத்தது நாவரசுதான் என்று மெய்ப்பிக்கத் தாய் தகப்பன் இருவருடைய இரத்தத்தையும் எடுத்து, ஐதராபாத்தில் மரபணுச் சோதனை செய்தார்கள். பெற்றவர்களின் இரத்தமே வழக்கில் சாட்சியமாயிற்று.

இப்படிப்பட்ட தகப்பன் கூண்டில் ஏறினால் அங்கே அவர் என்ன பேசலாம்? சினிமாவில் காட்டுவதுபோல் எதிரியைப் பார்த்து, "ஏனடா என் பிள்ளையைக் கொன்றாய்?" என்று கேட்க வழியில்லை. கேட்டால் நீதிபதி தடுத்துவிடுவார். பிராசிகியூட்டர் கேட்பதற்குப் பதில் சொல்ல வேண்டும்: கடைசியாக எப்போது பார்த்தீர்கள், எப்போது செய்தி வந்தது, யாரிடம் புகார் கொடுத்தீர்கள், இந்தப் பொருள் உங்கள் மகனுடையதா. பிறகு எதிர்த்தரப்பு வக்கீல் குறுக்கு விசாரணை செய்வார். அவர் கேள்விகள் கடுமையாகவே இருக்கும்; அது அவர் வேலை. இத்தனைக்கும் நடுவில், கொன்றதாகச் சொல்லப்படுகிறவன் பத்தடி தூரத்தில் நின்றுகொண்டிருப்பான். துக்கத்தைக் கொட்டுவதற்கு அங்கே இடமில்லை. உண்மையைச் சொல்ல மட்டும் இடமுண்டு.

கடலூர் செஷன்ஸ் கோர்ட் 1998 மார்ச் 11-ல் ஜான் டேவிட்டுக்கு ஆயுள் தண்டனை விதித்தது. 2001 அக்டோபர் 5-ல் சென்னை ஹைகோர்ட் அவனை விடுதலை செய்தது. 2011 ஏப்ரல் 20-ல் சுப்ரீம் கோர்ட் அந்த விடுதலையை ரத்துசெய்து, ஆயுள் தண்டனையை மீண்டும் உறுதி செய்தது. பிள்ளை போய்ப் பதினான்கு வருஷமும் ஐந்து மாதமும் ஆகியிருந்தன. நடுவில் 1997-ல் தமிழ்நாட்டில் ராகிங் தடைச் சட்டம் வந்தது. இன்று நம் பிள்ளைகள் கல்லூரி விடுதிக்குப் போகும்போது அவர்களுக்குள்ள காவலில் அந்த வழக்குக்கும் பங்கு உண்டு.

இதில் நம் காரைக்காலுக்கு ஒரு தனிச் சரித்திரமும் இருக்கிறது. 1954 நவம்பர் 1 வரை இங்கே பிரெஞ்சு ஆட்சி. பிரெஞ்சு முறையில், கொலையுண்டவனுடைய குடும்பத்தார் தாமும் வழக்கில் ஒரு கட்சியாகச் சேர்ந்து, தம் வக்கீலோடு கோர்ட்டில் உட்காரலாம். இந்தியத் தண்டனைச் சட்டமும் குற்ற விசாரணை முறைச் சட்டமும் 1963-ல்தான் இங்கே நீட்டிக்கப்பட்டன. அதன் பிறகு பெற்றோர் வெறும் சாட்சி, வழக்கு சர்க்காருடையது. நாவரசு வழக்கிலும் சுப்ரீம் கோர்ட்டுக்கு அப்பீல் கொண்டுபோனது தமிழ்நாடு சர்க்கார்தான். 2009 டிசம்பர் 31 முதல் நிலைமை சற்று மாறியிருக்கிறது. பாதிக்கப்பட்டவருடைய வாரிசுகள் பிராசிகியூட்டருக்கு உதவியாகத் தாமே ஒரு வக்கீலை வைத்துக்கொள்ளக் கோர்ட் அனுமதிக்கலாம். எதிரி விடுதலையானால் அவர்களே அப்பீல் செய்யலாம். 2024 ஜூலை 1-ல் நடப்புக்கு வந்த புதிய சட்டத்திலும் இந்த உரிமைகள் இருக்கின்றன. சம்மன் வந்த வீட்டார் இதை அறிந்திருப்பது நல்லது, பலருக்குத் தெரியாது.

இனி பழத்தட்டோடு வந்தவர்களின் பேச்சுக்கு வருவோம்.

முதலாவது, கொலை வழக்கு ராஜியாகிற வழக்கல்ல. வாய்ச்சண்டை, சிறு காயம் போன்ற சில குற்றங்களில் பாதிக்கப்பட்டவர் இசைந்தால் வழக்கை முடித்துக்கொள்ளச் சட்டம் இடம் தருகிறது. கொலை அந்த ஜாபிதாவில் இல்லை. தாய் நூறு தடவை "மன்னித்தேன்" என்றாலும் வழக்கு நடக்கும். ஆகவே அவர்கள் கேட்டது மன்னிப்பை அல்ல. சத்தியம் செய்து கூண்டில் ஏறி, பார்த்ததைப் பார்க்கவில்லை என்று சொல்லும்படி கேட்டார்கள். அதற்குச் சட்டத்தில் பொய்ச்சாட்சி என்று பெயர். நம் ஞானோபதேசத்தில் அது எட்டாம் கற்பனைக்கு விரோதமான பாவம். ஒரு தாயைப் பாவம் செய்யத் தூண்டிவிட்டு, அதற்குப் புண்ணியத்தின் பெயரைச் சூட்டினார்கள்.

இரண்டாவது, நாம் சிறு வயதிலேயே படித்த ஒன்றை நினைவுபடுத்திக்கொள்ளலாம். திருடியவன் பாவசங்கீர்த்தனம் செய்து பொறுத்தல் பெற்றான் என்று வையுங்கள். திருடிய பொருளைத் திருப்பிக் கொடுக்கும் கடமை அதனால் நீங்கிற்றா? நீங்கவில்லை. குருவானவர் அபராதமும் விதிக்கிறார். பாவம் பொறுக்கப்பட்டபின்னும் பரிகாரம் நிற்கிறது. அப்படியிருக்க, தாய் மன்னித்தாள் என்பதற்காகக் கொலைக்குப் பரிகாரமே வேண்டாம் என்று யார் சொல்ல முடியும்?

ஒரிசாவில் நடந்ததைப் பாருங்கள். கேன்ஜார் ஜில்லா மனோகர்பூரில் 1999 ஜனவரி 22-ந் தேதி இரவு, மோட்டார் வண்டிக்குள் தூங்கிக்கொண்டிருந்த கிரகாம் ஸ்டெயின்ஸ் என்ற ஆஸ்திரேலிய ஊழியரையும், பத்து வயதும் ஆறு வயதுமான அவருடைய ஆண்பிள்ளைகள் இருவரையும் உயிரோடு கொளுத்தினார்கள். பாரிபதாவில் குஷ்டரோகிகளுக்குத் தொண்டு செய்த குடும்பம் அது. தாய் கிளாடிஸ் அம்மையார் கொன்றவர்களை மன்னித்ததாகப் பகிரங்கமாகச் சொன்னார். உலகமே அதை வியந்தது. அதே அம்மையார், மன்னிப்பையும் குற்றத்தின் விளைவையும் ஒன்றோடொன்று கலக்கக்கூடாது என்ற நிலையிலும் நின்றார் என்பதை அவ்வளவு பேர் கவனிக்கவில்லை. வழக்கு தன் வழியே நடந்தது. 2003-ல் தாரா சிங்குக்கு மரண தண்டனை; 2005-ல் ஒரிசா ஹைகோர்ட் அதை ஆயுள் தண்டனையாகக் குறைத்தது; 2011 ஜனவரியில் சுப்ரீம் கோர்ட் அதையே உறுதி செய்தது. தாயின் மன்னிப்பு எந்தக் கோர்ட்டின் வாயையும் அடைக்கவில்லை. கோர்ட்டின் தண்டனையும் தாயின் மன்னிப்பைப் பொய்யாக்கவில்லை.

தண்டனை என்றால் தூக்குக் கயிறுதான் என்று எண்ண வேண்டியதுமில்லை. மரண தண்டனை ஏற்கத்தக்கதல்ல என்று 2018-ல் பாப்பரசர் பிரான்சிஸ் திருச்சபையின் ஞானோபதேச நூலையே திருத்தினார். சாட்சி சொல்கிற தாய் எதிரியின் உயிரைக் கேட்கவில்லை. நடந்தது நடந்ததென்று சொல்கிறாள், அவ்வளவே.

மூன்றாவது காரியம் காலம். வந்தவர்கள் மன்னிப்பைச் சம்மன் தேதிக்குள் கேட்டார்கள். கேரளத்துப் புல்லுவழியில் பிறந்த ராணி மரியா என்ற கன்னியாஸ்திரீ, மத்தியப் பிரதேசத்தில் ஏழைக் குடியானவர்களுக்காக உழைத்ததற்காக 1995 பிப்ரவரி 25-ல் பஸ் பிரயாணத்தின்போது குத்திக் கொல்லப்பட்டார். குத்தியவன் சமுந்தர் சிங், கூலிக்கு அமர்த்தப்பட்டவன். ஆயுள் தண்டனை பெற்றுச் சிறை சென்றான். ராணி மரியாவின் தங்கை செல்மி பவுலும் கன்னியாஸ்திரீதான். அவர் சிறைக்குப் போய் அவன் கையில் ராக்கி கட்டிச் சகோதரனாக ஏற்றது 2002-ல், அதாவது ஏழு வருஷம் கழித்து. பிறகு அவனுடைய விடுதலைக்குக் குடும்பத்தார் இசைவு தெரிவித்தார்கள். 2006-ல் அவன் வெளியே வந்தான். அடுத்த வருஷம் புல்லுவழிக்கே போனான். தாய் ஏலிஸ்வா, தன் மகளைக் குத்திய அந்தக் கைகளைப் பிடித்து முத்தமிட்டார். 2017 நவம்பர் 4-ல் இந்தூரில் ராணி மரியாவுக்கு முத்திப்பேறு பட்டம் அளிக்கப்பட்டது.

இதைப் படித்துவிட்டு, "பார், அந்தத் தாய் முத்தமிட்டாளே, உனக்கென்ன?" என்று துக்க வீட்டில் போய்ச் சொல்லாதிருக்கும்படி மிகவும் கேட்டுக்கொள்கிறோம். அந்த முத்தத்துக்கு முன்னால் பன்னிரண்டு வருஷத் துக்கம் இருக்கிறது. விசாரணையும் தீர்ப்பும் சிறையும் இருக்கின்றன. கொன்றவன் தானே தேடி வந்த பிரயாணமும் இருக்கிறது. அதற்கிடையில் ஒருவரும் பொய்ச்சத்தியம் செய்யவில்லை. "இன்னும் என்னால் முடியவில்லை, சாமி" என்று அழுகிற தாயைக் கடவுள் எப்படிப் பார்ப்பார் என்பதை அவரிடமே விட்டுவிடலாம். அவள் மனதில் பழிவாங்கும் எண்ணம் இருந்தால் அதற்காக ஜெபிக்கலாம், உடனிருக்கலாம். தேதி குறிக்க நமக்கு அதிகாரமில்லை.

தங்கை வீட்டில் பயமும் இருக்கிறது என்று அந்த அம்மாள் பிறகு சொன்னார். பழத்தட்டு அடுத்த தடவை அருவாளாக வந்தால் என்ன செய்வது? சாட்சிகளைப் பாதுகாக்கும் திட்டம் ஒன்றுக்கு 2018 டிசம்பரில் சுப்ரீம் கோர்ட் அங்கீகாரம் தந்திருக்கிறது. ஜில்லா நீதிபதி தலைமையிலான குழுவுக்கு மனு கொடுத்தால், போலீசார் விசாரித்து அறிக்கை தர வேண்டும். மிரட்டலின் அளவுக்கேற்பப் பாதுகாப்பு உத்தரவாகும். மனுவை எழுதித்தரப் பங்கிலுள்ள வக்கீல் ஒருவர் இசைந்திருக்கிறார்.

கோர்ட்டு வராந்தாவில் காத்திருக்கிற நேரந்தான் கூண்டில் நிற்பதைவிடக் கொடியது என்று அனுபவப்பட்டவர்கள் சொல்வார்கள். எதிரியின் ஜனங்கள் எதிர் பெஞ்சிலேயே உட்கார்ந்திருப்பார்கள். மத்தியானம் வரை கூப்பிடாமல், பிறகு வாய்தா என்று அனுப்பிவிடவும் கூடும். வருகிற புதன்கிழமை அந்தத் தாயோடு போய் உட்கார்ந்திருக்க மரியாயின் சேனையைச் சேர்ந்த இருவர் பெயர் கொடுத்திருக்கிறார்கள். வாய்தாவானால் அடுத்த தடவைக்கு இன்னும் இருவர் வேண்டும். காலை ஆறரை பஸ். சாப்பாடு கையில் கட்டிக்கொள்ள வேண்டும். வர இயலுகிறவர்கள் பூசை முடிந்ததும் நம்மிடம் சொல்லவும்.