பிரஷர் மாத்திரையின் பெயர் என்ன?

(தம்பதியர் சேர்ந்து படிக்க வேண்டிய குடும்ப நலப் பாடம்)



“என்ன மாத்திரை சாப்பிடுகிறீர்கள்?” என்று சுகாதார நிலையத்தில் கேட்டால், நம் பகுதியில் பெரும்பாலோர் சொல்லும் பதில் இதுதான்: “பிரஷர் மாத்திரைங்க.” இன்னும் சிலர், “சின்னதா, வெள்ளையா இருக்குமுங்க” என்பார்கள். வெள்ளையாக, சின்னதாக இருக்கும் மாத்திரைகள் நூற்றுக்கணக்கில் உண்டு. பிரஷரைக் குறைக்கும் மாத்திரைகளே பல இனங்கள். ஒன்று செய்யும் வேலையை மற்றொன்று செய்வதில்லை. ஒருவருக்கு நல்லது செய்வது இன்னொருவருக்குக் கெடுதல் செய்யலாம். ஆகவே மாத்திரையின் பெயரைத் தெரிந்து வைத்துக்கொள்வது படித்தவர்களுக்கு மட்டும் உரிய காரியம் அல்ல. மாத்திரை சாப்பிடும் ஒவ்வொருவரும், அவருடைய கணவரோ மனைவியோ, அறிந்திருக்க வேண்டிய விஷயம்.

ஒரு மருந்துக்கு இரண்டு பெயர்

திருப்பூரில் உள்ள உங்களுக்கு இதை விளக்குவது சுலபம். ஒரே நூல், ஒரே துணி, ஒரே தையல். ஆனால் பனியனின் கழுத்தில் தைக்கும் லேபிள் மட்டும் ஆர்டருக்கு ஆர்டர் மாறும். லேபிள் மாறியதால் துணி மாறிவிடுமா? மாறாது.

மருந்தும் அப்படித்தான். மருந்துப் பொருளுக்கு உலகம் முழுவதும் பொதுவான ஒரு பெயர் உண்டு. இதைப் பொதுப் பெயர் என்கிறோம். இப்பெயர்களை வகுக்கும் பணியை உலக சுகாதார நிறுவனம் 1950-இல் ஏற்றுக்கொண்டது. முதல் பட்டியல் 1953-இல் வெளிவந்தது. இரண்டாவது பெயர், தயாரிக்கும் கம்பெனி வைக்கும் வணிகப் பெயர். இதுதான் லேபிள்.

உதாரணமாக, ஆம்லோடிபின் என்பது பொதுப் பெயர். இதே மருந்து அம்லாங், ஸ்டாம்லோ, அம்லோப்ரெஸ், ஆம்லோகார்ட் என்று பல வணிகப் பெயர்களில் கடைகளில் விற்கிறது. லேபிள் நான்கு, மருந்து ஒன்றே. அரசு சுகாதார நிலையங்களுக்கு மாத்திரை வாங்கித் தருவது 1994-இல் தொடங்கப்பட்ட தமிழ்நாடு மருத்துவப் பணிகள் கழகம். அந்த அட்டையில் பொதுப் பெயரே இருக்கும். “பேரில்லாத மாத்திரை, வீரியம் இருக்காது” என்று ஒதுக்காதீர்கள். அதில் இருப்பதுதான் மருந்தின் சொந்தப் பெயர்.

ஒரே ஒரு மருந்து மட்டும் உள்ள மாத்திரையாக இருந்தால், பொதுப் பெயரை வணிகப் பெயரைவிடப் பெரிய எழுத்தில் அச்சிட வேண்டும் என்று 2018-இல் விதி வந்தது. எழுத்து ஆங்கிலத்தில் இருக்கும். பள்ளிக்கூடம் போகும் பிள்ளையை வாசிக்கச் சொல்லி, தமிழில் ஒரு நோட்டில் எழுதி வையுங்கள்.

பெயரின் வாலைப் பாருங்கள்

நம் ஊர்ப் பெயர்களைக் கவனியுங்கள். அனுப்பர்பாளையம், காளிபாளையம் என்று பல ஊர்கள் ‘பாளையம்’ என்று முடியும். வேறு சில ‘வலசு’ என்றும் ‘புதூர்’ என்றும் முடியும். பெயரின் கடைசியைக் கேட்டாலே அது எந்த மாதிரி ஊர் என்று பெரியவர்கள் சொல்லிவிடுவார்கள். மருந்துகளின் பொதுப் பெயர்களும் இப்படியே வகுக்கப்பட்டவை. பெயரின் கடைசிப் பகுதி, மருந்து எந்த இனம் என்று காட்டும்.

‘டிபின்’ என்று முடிபவை (ஆம்லோடிபின், நிபெடிபின்): இரத்தக் குழாயின் சுவரில் உள்ள தசைக்குள் கால்சியம் புகுவதைக் குறைக்கும். தசை தளரும், குழாய் விரியும், அழுத்தம் இறங்கும். சிலருக்குக் கணுக்கால் வீங்கும். நாள் முழுவதும் நின்றபடி செக்கிங், அயர்ன் வேலை செய்பவர்கள், “நின்னு நின்னு வீங்கிப் போச்சு” என்று விட்டுவிடாமல் டாக்டரிடம் சொல்ல வேண்டும்.

‘பிரில்’ என்று முடிபவை (எனலாபிரில், ராமிபிரில்): குழாயைச் சுருக்கும் ஒரு பொருள் உடலில் உண்டாவதைத் தடுக்கும். சிலருக்கு வறட்டு இருமல் வரும். ஸ்பின்னிங் மில்லில் இருப்பவர்கள் பஞ்சுத் தூசியால் வந்த இருமல் என்று எண்ணி, இருமல் மருந்தை பாட்டில் பாட்டிலாகக் குடிப்பதுண்டு. மாத்திரையின் பெயரைச் சொன்னால் டாக்டருக்குக் காரணம் உடனே புரியும்.

‘சர்டன்’ என்று முடிபவை (லோசர்டன், டெல்மிசர்டன்): குழாயைச் சுருக்கும் அதே பொருள் தன் வேலையைச் செய்யவிடாமல் தடுக்கும். இதில் இருமல் அரிது.

‘லால்’ என்று முடிபவை (அடினோலால், மெட்டோபுரோலால்): இதயத் துடிப்பின் வேகத்தைக் குறைக்கும். ஆஸ்துமா, இழுப்பு உள்ளவர்கள் அதை முன்கூட்டியே சொல்லியாக வேண்டும். திடீரென்று நிறுத்தக் கூடாத மாத்திரை இது.

‘தயசைடு’ என்று முடிபவை (ஹைட்ரோகுளோரோதயசைடு): சிறுநீர் வழியாக உப்பையும் நீரையும் வெளியேற்றும். தூங்கி எழுந்த பிறகு சாப்பிடுவது வசதி. படுக்கும் முன் சாப்பிட்டால் தூக்கம் கெடும்.

பழைய கதை ஒன்று

மருந்துப் பெயர் எல்லாம் வெளிநாட்டுச் சங்கதி என்று எண்ண வேண்டாம். நம் நாட்டில் சர்ப்பகந்தா என்று ஒரு மூலிகைச் செடி உண்டு. சர்ப்பம் என்றால் பாம்பு. தாவர நூலார் இதற்கு வைத்த பெயரிலும் ‘செர்பென்டினா’ என்று பாம்பு இருக்கிறது. இதன் வேர் இரத்த அழுத்தத்தைக் குறைப்பதை 1931-இல் இந்திய மருத்துவர்களான சென், போஸ் இருவரும் எழுதினார்கள். பம்பாய் டாக்டர் ருஸ்தம் ஜல் வகீல் 1949-இல் இங்கிலாந்து மருத்துவ இதழில் எழுதிய பிறகு உலகம் முழுவதும் கவனித்தது. 1952-இல் சுவிட்சர்லாந்தின் சிபா கம்பெனி ஆராய்ச்சியாளர்கள் வேரிலிருந்து மருந்துப் பொருளைப் பிரித்தெடுத்தார்கள். ‘செர்பென்டினா’விலிருந்து பிறந்த பெயர்தான் ‘ரிசர்பின்’. நம் வீட்டுப் பெரியவர்கள் சாப்பிட்ட ‘அடல்பேன்’ மாத்திரையில் இருந்தது இதுவே.

ரிசர்பின் சிலருக்கு மனச்சோர்வை உண்டாக்கியது. பிறகு அதைவிட நல்ல மருந்துகள் வந்தன. இன்று அது அபூர்வம். ஆகவே சர்ப்பகந்தா வேரை நாமே பொடித்துச் சாப்பிடலாமா என்று யோசிக்க வேண்டாம். வேரில் மருந்தின் அளவு கூடும், குறையும். மாத்திரையில் அளவு நிச்சயம்.

சுகாதார நிலையத்தில் நடக்கும் பேச்சு

பெயர் தெரியாததால் என்ன நேரும் என்பதற்கு ஓர் உரையாடல்:

கணவர்: வணக்கமுங்க நர்சம்மா. கால் ரண்டும் வீங்கிக் கெடக்குதுங்க. எந்திரிச்சா கிறுகிறுன்னு வருது.

நர்ஸ்: என்ன மாத்திரைங்க சாப்பிடறீங்க?

கணவர்: இங்க குடுத்தது காலைல ஒண்ணுங்க. கம்பெனிப் பக்கத்து மெடிக்கல்ல வாங்குனது ராத்திரி ஒண்ணுங்க. ரண்டும் வேற வேற தானுங்களே?

நர்ஸ்: ரண்டு அட்டையும் குடுங்க. அம்மிணி, நீங்க படிச்சவங்க தானே? பெரிய எழுத்துல என்ன போட்டிருக்குது, வாசிங்க.

மனைவி: இதுல ஆம்லோடிபின் 5-னு இருக்குதுங்க. இதுலயும்... ஆம்லோடிபின் 5 தானுங்க! கீழ சின்னதா இருக்கற பேருதான் வேற.

நர்ஸ்: பாத்தீங்களா? லேபிள் வேற, சரக்கு ஒண்ணு. ஒரு மாத்திரை சாப்பிடச் சொன்னா நீங்க ரண்டு சாப்பிட்டிருக்கீங்க.

கணவர்: அட! வீக்கம் அதனாலதானுங்களா?

நர்ஸ்: அதனாலயா இருக்கலாம். டாக்டரைப் பாத்துட்டுத்தான் போகோணும். எதை விடறது, எதை வெச்சுக்கறதுன்னு அவரு சொல்லுவாரு. உங்களுக்கு ஒண்ணுமில்லீங்களே அம்மிணி?

மனைவி: எனக்கும் பிரஷர் இருக்குதுன்னு டெல்மிசர்டன் குடுத்திருக்காங்க. அதைச் சாப்பிட்டுட்டுத்தான் இருக்கறேன். இப்ப நாள் தள்ளிப் பத்து நாளாச்சுங்க...

நர்ஸ்: அதை முதல்ல சொல்லியிருக்கோணும்! பயப்படாதீங்க. இன்னைக்கே டாக்டர்கிட்டச் சொல்லி மாத்திரையை மாத்திரலாம்.

அந்த நர்ஸ் ஏன் பதறினார்? மேலே படியுங்கள்.

கர்ப்பமும் பிரஷர் மாத்திரையும்

‘பிரில்’, ‘சர்டன்’ என்று முடியும் மாத்திரைகள் கர்ப்பிணிகளுக்கு ஆகாதவை. வயிற்றில் வளரும் குழந்தையின் சிறுநீரகத்தைப் பாதிக்கும். பனிக்குட நீரைக் குறைக்கும். நடுமாதங்களிலும் கடைசி மாதங்களிலும் ஆபத்து மிக அதிகம். உயிருக்கே கேடு வரலாம்.

ஆகவே, குழந்தை வேண்டும் என்று எண்ணும் தம்பதியர் அதற்கு முன்பே டாக்டரிடம் போய், “இந்தப் பெயருள்ள மாத்திரை சாப்பிடுகிறேன், குழந்தைக்கு உத்தேசித்திருக்கிறோம்” என்று சொல்ல வேண்டும். தெரியாமல் கர்ப்பமாகிவிட்டால் நாள் கடத்தாமல் உடனே போய்ச் சொல்லுங்கள். ஆரம்ப நாட்களில் சாப்பிட்டுவிட்டோமே என்று பயந்து கருவைக் கலைக்க ஓட வேண்டாம். மாத்திரையை மாற்றி, ஸ்கேன் மூலம் கவனித்துக்கொள்வார்கள்.

கர்ப்ப காலத்துக்கு ஏற்ற மாத்திரைகள் இருக்கின்றன: மெதில்டோபா, லேபெட்டலால், நிபெடிபின். இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். லேபெட்டலாலும் அடினோலாலும் ‘லால்’ என்றே முடிகின்றன. ஆனால் அடினோலால் குழந்தையின் வளர்ச்சியைக் குறைக்கக் கூடும் என்பதால் அதைத் தவிர்க்கிறோம். வால் இனத்தைத்தான் காட்டும். முழுப் பெயரும் தெரிய வேண்டும்.

“எந்த மாத்திரையும் குழந்தைக்கு ஆகாது” என்று பிரஷர் மாத்திரையை அடியோடு நிறுத்துவதும் தவறு. கர்ப்பத்தில் பிரஷர் ஏறினால் வலிப்பு வரலாம். தாய்க்கும் சேய்க்கும் ஆபத்து. கடும் தலைவலி, கண் மங்கல், மேல்வயிற்று வலி, முகம் கை வீக்கம் கண்டால் இரவு பகல் பாராமல் ஆஸ்பத்திரிக்குப் போங்கள். 108-ஐ அழையுங்கள்.

கருத்தடை முறை தேர்ந்தெடுக்கும்போது

பிரஷர் உள்ள பெண்களுக்கு, ஈஸ்ட்ரோஜன் கலந்த மாலா-என் போன்ற கருத்தடை மாத்திரை ஏற்றதல்ல. ஆகவே கருத்தடை மாத்திரை வாங்கும் முன் பிரஷர் பார்த்துக்கொள்வது நல்லது. காப்பர்-டி, ஆணுறை, லக்னோ ஆராய்ச்சி நிலையம் கண்டுபிடித்த ஹார்மோன் இல்லாத சாயா மாத்திரை ஆகியவை உண்டு. உங்களுக்கு ஏற்றதைக் கிராம சுகாதார செவிலியரிடம் கேளுங்கள்.

ஆண்களுக்கும் ஒரு வார்த்தை. பிரஷர் மாத்திரை சாப்பிட்டால் தாம்பத்தியம் கெடும் என்று பயந்து, மனைவிக்கும் சொல்லாமல் நிறுத்திவிடுபவர்கள் இருக்கிறார்கள். சில ‘லால்’களாலும் தயசைடாலும் சிலருக்கு அப்படி நேரலாம். கட்டுப்படாத பிரஷராலும் நேரலாம். வெட்கப்படாமல் டாக்டரிடம் சொன்னால் வேறு இனத்துக்கு மாற்றித் தருவார். தானாக நிறுத்தினால் பக்கவாதத்துக்கு வழி திறந்துவிடுகிறீர்கள்.

பெயருக்குப் பின்னால் வரும் எண்ணும் எழுத்தும்

பெயருக்குப் பின் 5, 40, 50 என்று எண் இருக்கும். அது மில்லிகிராம் எடை. டெல்மிசர்டன் 40, ஆம்லோடிபின் 5-ஐவிட எட்டு மடங்கு வீரியம் என்று கணக்குப் போடாதீர்கள். ஒவ்வொரு மருந்துக்கும் அளவு வேறு. ஆனால் ஆம்லோடிபின் 5-க்குப் பதில் ஆம்லோடிபின் 10 கொடுத்தால், அது இரண்டு மடங்குதான்.

வணிகப் பெயருக்குப் பின் ‘ஏ.எம்.’, ‘எச்’, ‘ஏ.டி.’ என்று எழுத்து இருந்தால், அது ஒரே மாத்திரையில் இரண்டு மருந்து. ‘டெல்மா’ டெல்மிசர்டன் மட்டும், ‘டெல்மா-ஏ.எம்.’ அதனுடன் ஆம்லோடிபினும் சேர்ந்தது. “டெல்மா குடுங்க” என்று மட்டும் கேட்டால் எழுத்து மாறிப்போகும்.

ஒலியில் நெருங்கிய பெயர்களும் உண்டு. ஆம்லோடிபின் வேறு, அமிலோரைடு வேறு. இரண்டாவது சிறுநீர் பிரியச் செய்வது. ஆகவே வாயால் சொல்லி வாங்காமல் சீட்டையோ பழைய அட்டையையோ காட்டி வாங்குங்கள்.

செய்ய வேண்டியவை

1. சுகாதார நிலையம், ஈ.எஸ்.ஐ. டிஸ்பென்சரி, மருந்துக்கடை, 2021 முதல் நடக்கும் ‘மக்களைத் தேடி மருத்துவம்’ என்று எங்கே வாங்கினாலும், எல்லா அட்டைகளையும் ஒரே பையில் வைத்து, போகும்போது பையோடு கொண்டு போங்கள்.

2. கடையில் அட்டையை வெட்டித் தந்தால், பெயரும் கெடு தேதியும் உள்ள துண்டைக் கேட்டு வாங்குங்கள். மாத்திரையைப் பெயர் இல்லாத பக்கத்திலிருந்து பிரியுங்கள்.

3. பொதுப் பெயர், மில்லிகிராம், எந்த நேரம் ஆகிய மூன்றையும் நோட்டில் எழுதுங்கள். கணவருடையது மனைவிக்கும், மனைவியுடையது கணவருக்கும் தெரிந்திருக்கட்டும்.

4. ஒருவர் மாத்திரையை மற்றவர் சாப்பிடக் கூடாது. ‘எனக்கும் பிரஷர்தானே’ என்பது சரியல்ல.

5. பகல் ஷிப்ட் மாறி நைட் ஷிப்ட் வந்தால், மாத்திரை நேரத்தை எப்படி மாற்றுவது என்று கேட்டுக்கொள்ளுங்கள். மாற்றும் நாளில் இரண்டு சாப்பிடாதீர்கள்.

6. செலவு குறைய வேண்டுமானால் மக்கள் மருந்தகம், 2025-இல் தொடங்கிய முதல்வர் மருந்தகம் ஆகியவற்றில் பொதுப் பெயரைச் சொல்லி வாங்கலாம். மாத்திரையைப் பாதியாக்கிச் சாப்பிட்டு மிச்சம் பிடிக்க வேண்டாம்.

வீட்டில் கேட்டுப் பாருங்கள்

ராமிபிரில் எந்த இனம்? கர்ப்பிணி அதைச் சாப்பிடலாமா? ஸ்டாம்லோ, அம்லாங் இரண்டையும் ஒரே நாளில் சாப்பிட்டால் என்ன தவறு? உங்கள் கணவர் அல்லது மனைவி சாப்பிடும் மாத்திரையின் பொதுப் பெயர் என்ன?

கடைசிக் கேள்விக்கு விடை தெரியாவிட்டால், இன்று இரவு சாப்பாட்டுக்கு முன் அந்த அட்டையை எடுத்துச் சேர்ந்து வாசியுங்கள்.

மருந்தின் பெயர் அறிவோம்! தாயும் சேயும் நலம் காப்போம்!