கற்பனைக் கிராமத்தின் பாட்டு

"ஒரு நாட்டுக்குச் சொந்தமான பாட்டு எது?" என்று சமூக அறிவியல் வகுப்பில் டீச்சர் கேட்டார். "அந்த ஊர்க்காரங்க பாடுறதுதான் டீச்சர்" என்று பட்டென்று சொல்லிவிட்டேன். "ஊர்க்காரங்கன்னா யாரு?" என்று திருப்பிக் கேட்டதும் முழித்தேன். அதற்குப் பதில் தேடப்போய்க் கிடைத்ததுதான் இந்த இங்கிலாந்துக் கதை.

1903-ல் சோமர்செட் பகுதியில் செசில் ஷார்ப் என்பவர், ஒரு தோட்டக்காரர் பாடிய பாட்டைக் கேட்டு எழுதி வைத்துக்கொண்டார். தோட்டக்காரர் பெயர் ஜான் இங்கிலாந்து! (நான் கதை விடவில்லை, நிஜப் பெயரே அதுதான்.) பிறகு ஊர் ஊராகச் சுற்றி ஆயிரக்கணக்கான பாட்டுகளைச் சேகரித்தார். பெரிய தொண்டுதான். ஆனால் அச்சில் ஏற்றும்போது கொச்சை என்று தோன்றிய வரிகளை மாற்றிவிட்டார்கள். இப்படிச் சேகரித்தவர்கள் மனசுக்குப் பிடித்த மாதிரி ஒரு கிராமம் உருவானது. 1993-ல் ஜார்ஜினா பாய்ஸ் இதை ஆராய்ந்து எழுதிய நூலின் பெயர் 'தி இமாஜின்ட் வில்லேஜ்', அதாவது கற்பனைக் கிராமம்.

அந்தப் பெயரையே சைமன் எமர்சன் தம் குழுவுக்கு வைத்தார். ஏற்கெனவே தனித்தனியாகப் பேர் வாங்கியவர்கள் ஒன்று சேர்ந்தால் 'சூப்பர் குரூப்' என்பார்களே, அந்த ரகம். 2007-ல் முதல் ஆல்பம் வந்தது. நாட்டுப்புறப் பாடகர் மார்ட்டின் கார்த்தி, வயலினோடு அவர் மகள் எலைசா, பஞ்சாபி டோல் அடிக்க ஜானி கல்சி, சிதாருக்கு ஷீமா முகர்ஜி. லண்டனில் பிறந்த ஷீலா சந்திராவும் பாடினார். இவர் குடும்பம் தென்னிந்தியாவிலிருந்து போனது. நம்ம கொன்னக்கோலை வைத்தே முன்பு தனியாகப் பாட்டுப் போட்டவர்!

எனக்கு ரொம்பப் பிடித்தது 'டாம் லின்' கதைப்பாட்டுதான். தேவதைகளின் ராணி பிடித்து வைத்திருக்கும் காதலனை ஒரு பெண் மீட்கிறாள். அவள் கைக்குள்ளேயே அவன் பாம்பாகிறான், எரியும் கனலாகிறான். அவள் பிடியை விடவே இல்லை. (இது ஸ்காட்லாந்துக் கதை! இங்கிலாந்தின் அடையாளத்தைத் தேடப் போனால் பக்கத்து வீட்டுக் கதையும் கூடவே வருகிறது.) இதைக் கவிஞர் பெஞ்சமின் சஃபனையா புதுசாகச் சொன்னார். அவர் பர்மிங்ஹாமில் பிறந்தவர். பெற்றோர் கரீபியன் தீவுகளிலிருந்து வந்தவர்கள். அவர் கதையில் அந்தப் பெண் அவனை நடன விடுதியில் சந்திக்கிறாள். அவன் அடைக்கலம் தேடி வந்தவன். அவனை நாட்டில் இருக்க விடுவார்களா என்பதுதான் இப்போது ஆபத்து. பாம்பைவிட எனக்கு இதுதான் பயமாக இருந்தது.

'இது கலப்படம்' என்று முதலில் நானும் நினைத்தேன். ஆனால் கொட்டும் மழையில் ஒரு சிப்பாய் "கதவைத் திற" என்று கெஞ்சும் பழைய பாட்டை இவர்கள் டோல் அதிரப் பாடினார்கள். 2008-ல் பிபிசி ரேடியோ 2 நாட்டுப்புற விருதுகளில் அதற்குக் கிடைத்தது என்ன விருது தெரியுமா? சிறந்த மரபுப் பாடல்!

எமர்சனும் சஃபனையாவும் 2023-ல் காலமானார்கள். குழு வெளியிட்ட மூன்று ஆல்பங்கள் இருக்கின்றன. சிப்பாய் பாட்டை வெள்ளிக்கிழமை மதியம் கணினி அறையில் போட டீச்சர் சம்மதித்திருக்கிறார். சாப்பிட்டுட்டு சீக்கிரம் வந்துடுங்க, பெஞ்சு கம்மி.