மழைக்குப் பிறகு கரகரக்கும் சக்கரம்

கேள்வி: எஸ்டேட் குடியிருப்பில் இருக்கிறோம். என் மகளுக்கு ஒன்பது வயது. காலால் உந்தி ஓட்டும் ஸ்கூட்டர் வைத்திருக்கிறாள். நவம்பர் மழை முடிந்ததிலிருந்து பின் சக்கரம் கரகரவென்று சத்தம் போடுகிறது. எண்ணெய் விட்டால் சரியாகும் என்றார்கள். வாரா வாரம் தேங்காய் எண்ணெய் விட்டேன். ஒரு நாள் சத்தம் அடங்குகிறது, பிறகு முன்னைவிட மோசமாகிறது. புதுச் சக்கரம்தான் வாங்க வேண்டுமா?
– வாசகி, குன்னூர்

பதில்: அநேகமாகச் சக்கரம் தேவைப்படாது, பேரிங்கை மாற்றினால் போதும். எண்ணெய் விடுவதை மட்டும் இன்றோடு நிறுத்திவிடுங்கள்.

பேரிங்குக்குள் கம்பெனியிலேயே கிரீஸ் வைத்து மூடி அனுப்புகிறார்கள். வெளியிலிருந்து விடும் எண்ணெய் அந்த கிரீஸைக் கரைத்து வெளியே இழுத்துவிடும். வழிந்த எண்ணெயில் செம்மண் ஒட்டும், அந்த மண் மூடியின் இடுக்கு வழியாக உள்ளே போகும். தேங்காய் எண்ணெயில் இன்னொரு சங்கடமும் உண்டு. சுமார் 24 டிகிரிக்குக் கீழே அது உறையத் தொடங்கும். குன்னூர்க் காலையில் பாட்டிலுக்குள் உறைந்து நிற்கும் எண்ணெய் பேரிங்குக்குள் மட்டும் எப்படி ஓடும்? துரு நீக்கும் ஸ்பிரேயும் இதற்கு மருந்தல்ல. துருப்பிடித்த போல்ட்டை இளக்க அது நல்ல சாமான்தான், ஆனால் கிரீஸின் வேலையை அது செய்யாது.

முதலில், சத்தம் பேரிங்கிலிருந்துதான் வருகிறதா என்று உறுதி செய்துகொள்ளுங்கள். வண்டியைத் தூக்கிப் பிடித்துச் சக்கரத்தை ஒரு கையால் சுற்றிவிட்டு, மறு கை விரல்களை அச்சுக்குப் பக்கத்தில் உள்ள இரும்பில் வையுங்கள். பேரிங் கெட்டிருந்தால் விரலில் மணல் அரைபடுவது போல ஒரு அதிர்வு தெரியும். சக்கரத்தைப் பக்கவாட்டில் ஆட்டிப் பாருங்கள். கண்ணுக்குத் தெரியும்படி ஆட்டம் இருந்தால், அச்சு போல்ட் தளர்ந்திருக்கலாம், இல்லையென்றால் பேரிங் தேய்ந்திருக்கலாம். பின் மட்கார்டு டயரில் உரசினாலும், மடக்கும் மூட்டு தளர்ந்திருந்தாலும் இதே மாதிரி சத்தம் வரும். இவை எதுவும் இல்லையென்றால் பேரிங்தான்.

உலகில் ஓடும் பெரும்பாலான இவ்வகை ஸ்கூட்டர்களில் 608 என்ற ஒரே அளவு பேரிங்தான் இருக்கிறது. உள் துளை 8 மிமீ, வெளி விட்டம் 22 மிமீ, அகலம் 7 மிமீ. உள்ளே பொதுவாக ஏழு உருண்டைகள், ஒவ்வொன்றும் ஏறத்தாழ 4 மிமீ. ஸ்கேட்டிங் சக்கரத்தில் வருவதும் இதுதான். கை டிரில், ஆங்கிள் கிரைண்டர் பலவற்றிலும் இதே அளவு இருப்பதால் மோட்டார் ரீவைண்டிங் கடைகளில் கேட்டுப் பாருங்கள். குன்னூரில் கிடைக்காவிட்டால் கோயம்புத்தூரில் நிச்சயம் கிடைக்கும். மில்லும் பம்ப்செட்டும் நிறைந்த ஊரில் பேரிங் கடைக்குப் பஞ்சமில்லை. ஒரு சக்கரத்துக்கு இரண்டு வேண்டும்.

கடையில் 608 என்று மட்டும் கேட்காதீர்கள். இசட்இசட் என்று முடிந்தால் இரண்டு பக்கமும் தகர மூடி. அது தூசியைத் தடுக்கும், தண்ணீரைத் தடுக்காது. 2ஆர்எஸ் என்று முடிந்தால் இரண்டு பக்கமும் ரப்பர் மூடி. உங்கள் மலைக்கு இதுதான் வேண்டும். சமவெளியில் தகர மூடி பல வருடம் ஓடலாம். நீலகிரியிலோ ஜூன் முதல் தென்மேற்குப் பருவமழை, அக்டோபர் முதல் வடகிழக்கு, நடுவில் மூடுபனி. பேரிங் எஃகு சாதாரணமாகத் துருப்பிடிக்கும் எஃகு. உருண்டை ஓடும் பாதையில் ஊசிமுனை அளவு துருப்புள்ளி விழுந்தாலும் அதன் மேல் உருண்டை போகும்போதெல்லாம் சத்தம் வரும். ரப்பர் மூடி போட்டது கொஞ்சம் இறுக்கமாகச் சுற்றும், கையால் சுற்றிவிட்டால் சீக்கிரம் நின்றுவிடும். அதைக் குறை என்று நினைக்க வேண்டாம், குழந்தை ஏறி ஓட்டும்போது அந்த வித்தியாசம் தெரியாது. பெட்டியில் ஏபெக் 7, ஏபெக் 9 என்று பெரிதாகப் போட்டு விலை கூட்டிச் சொல்வார்கள். ஏபெக் என்பது அளவின் துல்லியத்துக்கான தரம். கிரீஸ் எப்படி, மூடி எப்படி என்று அது ஒன்றும் சொல்லாது. அதற்காகக் காசு கொடுக்காதீர்கள். பெயர்பெற்ற கம்பெனிகளின் பெயரில் போலி பேரிங்கும் சந்தையில் உண்டு, தெரிந்த கடையில் பில்லோடு வாங்குங்கள்.

இனி கழற்றும் வேலை. புது பேரிங் கையில் வந்த பிறகே தொடங்குங்கள். பழையதைத் தட்டி எடுக்கும்போது அடி உருண்டைகள் வழியாகப் போய்ப் பாதையில் பள்ளம் விழும். அதைத் திரும்பப் போடக் கூடாது.

அச்சு போல்ட்டின் இரு முனைக்கும் அலன் கீ வேண்டும், பெரும்பாலும் 5 மிமீ. ஒரு பக்கத்தைப் பிடித்துக்கொண்டு மறுபக்கத்தைத் திருப்புங்கள். கீயை அடிவரை செருகிய பிறகே அழுத்தம் கொடுங்கள், மேலோட்டமாக மாட்டித் திருப்பினால் அறுகோணக் குழி வழுக்கி உருண்டையாகிவிடும். போல்ட்டைக் கம்பெனியில் பசை போட்டு முறுக்கியிருந்தால் சற்றுக் கூடுதல் பலத்தோடு திருப்ப வேண்டியிருக்கும்.

சக்கரம் கையில் வந்ததும் துளைக்குள் பாருங்கள். இரண்டு பேரிங்குக்கும் நடுவில் ஒரு சிறு குழாய் இருக்கும். அதுதான் ஸ்பேசர். சக்கரத்தை இரண்டு மரக்கட்டைகளின் மேல் படுக்க வையுங்கள். மேலிருந்து நீளமான ஸ்க்ரூடிரைவரை விட்டு ஸ்பேசரை ஒரு ஓரமாக நெம்பினால், அடியில் இருக்கும் பேரிங்கின் உள் வளையம் பிறை போலக் கொஞ்சம் தெரியும். அந்த விளிம்பில் முனையை வைத்து மெதுவாகத் தட்டுங்கள். ஒரே இடத்தில் தட்டினால் கோணலாகி மாட்டிக்கொள்ளும், இடம் மாற்றி மாற்றித் தட்டுங்கள். முதல் பேரிங் விழுந்ததும் ஸ்பேசரும் விழும். அதைத் துடைத்து பத்திரமாக எடுத்து வையுங்கள். இரண்டாவது பேரிங் சுலபம்.

போடும்போது ஒரே விதி: அழுத்தம் வெளி வளையத்தில் விழ வேண்டும். பேரிங் உட்காரும் குழியை உலர்ந்த துணியால் துடைத்து, பேரிங்கைக் கோணாமல் வைத்து, வெளி விட்டம் 22 மிமீக்குச் சற்றே குறைந்த சாக்கெட் ஒன்றை அதன் மேல் வைத்துத் தட்டுங்கள். இதைவிட நல்ல வழி ஒன்று இருக்கிறது. நீளமான 8 மிமீ போல்ட், இரண்டு பெரிய வாஷர், ஒரு நட் எடுத்துக்கொள்ளுங்கள். பேரிங், ஸ்பேசர், பேரிங் என்று வரிசையாகக் கோத்து நட்டை முறுக்கினால் இரண்டும் நேராக உள்ளே போய் உட்காரும். சுத்தியலே வேண்டாம். அடிவரை போனதும் முறுக்குவதை நிறுத்திவிடுங்கள்.

அதற்குப் பிறகு பராமரிப்பு என்று பெரிதாக ஒன்றுமில்லை. ஹோஸ் பைப்பால் சக்கரத்தின் நடுவில் தண்ணீர் அடிக்க வேண்டாம். மழையில் ஓட்டி வந்தால் துணியால் துடைத்து, சக்கரத்தைக் கொஞ்ச நேரம் சுற்றிவிட்டு, வீட்டுக்குள் நிறுத்துங்கள். டிசம்பரில் மழை ஓய்ந்ததும் ஒருமுறை விரல் வைத்துப் பாருங்கள். கரகரப்பு இருந்தால் கழுவிக் காப்பாற்ற முயலாமல் மாற்றிவிடுங்கள். பெட்ரோலில் கழுவிப் புது கிரீஸ் வைப்பது தெரிந்தவர்களுக்குச் சாத்தியம்தான், ஆனால் துருப்புள்ளி விழுந்த பாதையை எந்த கிரீஸும் சரிசெய்யாது.

கேள்வி: பையனின் ஸ்கூட்டருக்கு நானே பேரிங் மாற்றினேன். போல்ட்டை இறுக்கினால் சக்கரம் சுற்றவில்லை. கொஞ்சம் தளர்த்தினால் நன்றாகச் சுற்றுகிறது. அப்படியே விடலாமா?
– வாசகர், ஊட்டி

பதில்: விடவே கூடாது. இன்றைக்கே வண்டியை எடுத்து ஓரமாக வையுங்கள்.

ஸ்பேசரைப் போடாமல் விட்டிருக்கிறீர்கள், அல்லது பேரிங் ஒன்று அடிவரை உட்காரவில்லை. ஸ்பேசர் இருந்தால் போல்ட்டின் இறுக்கம் ஒரு உள் வளையத்திலிருந்து குழாய் வழியாக மற்ற உள் வளையத்துக்குப் போய்விடும், உருண்டைகளுக்கு அந்த பாரம் தெரியாது. ஸ்பேசர் இல்லையென்றால் இரண்டு உள் வளையங்களும் ஒன்றையொன்று நோக்கி நகர்ந்து, உருண்டைகளைப் பக்கவாட்டில் நசுக்கும். அதனால்தான் சக்கரம் பிடிக்கிறது. தளர்த்தி ஓட்டினால் அதிர்வில் போல்ட் இன்னும் கழன்றுகொண்டே வரும். இறக்கத்தில் சக்கரம் கழன்றால் என்ன ஆகும் என்று நான் எழுத வேண்டியதில்லை. பழைய பேரிங்கோடு ஸ்பேசரும் குப்பைக்குப் போயிருந்தால், லேத் பட்டறையில் 8 மிமீ உள் துளையோடு ஒன்று கடைந்து வாங்கலாம். நீளம்தான் முக்கியம்: சக்கரத்துக்குள் இரண்டு பேரிங் குழிகளின் அடிகளுக்கு நடுவே உள்ள தூரம். அரை மிமீ குறைந்தாலும் பழைய கதைதான். மற்ற சக்கரத்தில் இருப்பதைக் கழற்றி மாதிரிக்குக் கொண்டுபோங்கள்.

கேள்வி: பேரன் ஸ்கூட்டரில் பள்ளத்து வீட்டுக்குப் பின் பிரேக்கை மிதித்துக்கொண்டே இறங்கி வருகிறான். சக்கரத்தைத் தொட்டால் சுடுகிறது. பின் பேரிங் மட்டும் அடிக்கடி போய்விடுகிறது. ஏன்?
– வாசகர், கோத்தகிரி

பதில்: நீங்கள் தொட்டுப் பார்த்த சூடுதான் காரணம். கணக்குப் போட்டுக் காட்டுகிறேன். பேரனும் வண்டியுமாக 34 கிலோ என்று வைப்போம். 50 மீட்டர் உயரம் இறங்கினால் சுமார் 16,600 ஜூல் ஆற்றல் வெளிப்படும். பிரேக் போட்டு மெதுவாக இறங்கினால் அதில் பெரும்பகுதி, பிரேக்காக டயரில் அழுந்தும் பின் மட்கார்டிலும் சக்கரத்திலும் வெப்பமாக மாறும். ஒரு டம்ளர் தண்ணீரை இருபத்தைந்து டிகிரி சூடாக்க அது போதும். உள்ளங்கை அளவுள்ள பிளாஸ்டிக் சக்கரம் அதைத் தாங்க வேண்டியிருக்கிறது. பாலியுரித்தேன் டயர் இளகும், கிரீஸ் இளகி வழியும். பேரிங் உட்காரும் பிளாஸ்டிக் குழியும் நெகிழ்ந்து பெரிதாகும். அடுத்த முறை மாற்றும்போது புது பேரிங் விரலால் அழுத்தினாலே உள்ளே போய்விட்டால் அந்தக் குழி போய்விட்டது என்று பொருள். அப்போது முழுச் சக்கரத்தையும் மாற்றுங்கள், பசை வைத்து ஒட்டாதீர்கள்.

நம் மலை ரயிலைப் பாருங்கள். கல்லாறு முதல் குன்னூர் வரை சுமார் 12 அடிக்கு ஓர் அடி ஏற்றம். அதற்காகப் பல் தண்டவாளம் போட்டதோடு, பெட்டிக்கு ஒரு பிரேக்மேனையும் நிறுத்தியிருக்கிறார்கள். 1899-ல் மேட்டுப்பாளையம் முதல் குன்னூர் வரை ஓடத் தொடங்கிய அந்த ரயிலுக்கே இறங்குவதற்கு அவ்வளவு கவனம் வேண்டியிருக்கிறது. ஒரு தகர மட்கார்டை நம்பிக் குழந்தை நம் ஊர்ச் சரிவில் இறங்குவது எனக்குப் பயமாக இருக்கிறது. சரிவில் இறங்கித் தள்ளிக்கொண்டு வரச் சொல்லுங்கள். பள்ளி மைதானம், கோயில் முன் சமதளம் போன்ற இடங்களில் எவ்வளவு வேண்டுமானாலும் ஓட்டட்டும். பேரிங் செலவும் தானாகக் குறையும்.

கேள்வி: சின்ன வயதில் லாரி ஒர்க்‌ஷாப்பில் கழித்துப் போட்ட பேரிங்கை வைத்துப் பலகையில் வண்டி செய்து ஓட்டினோம். என் பிள்ளைகளுக்கு அப்படி ஒன்று செய்து கொடுக்க ஆசை. என்ன பேரிங் வாங்கலாம்?
– வாசகர், அருவங்காடு

பதில்: கட்டாயம் செய்து கொடுங்கள். தமிழ்நாடு முழுக்க எத்தனையோ பிள்ளைகள் பேரிங் வண்டியில்தான் இயந்திரவியலின் முதல் பாடத்தைப் படித்தார்கள். 608 இதற்கு ஆகாது, ரொம்பச் சிறியது. இதில் பேரிங்கின் வெளி வளையமே சக்கரமாகத் தரையில் உருளுவதால், 6205 போன்ற 52 மிமீ வெளி விட்டமுள்ளது, அல்லது அதைவிடப் பெரியது வேண்டும். 6205-க்கு உள் துளை 25 மிமீ. மரக்கட்டையை அந்த அளவுக்குச் செதுக்கி இறுக்கமாக அடித்து ஏற்றி, வெளியே நழுவாமல் ஓர் ஆணியோ கொண்டையோ கொடுங்கள். முன்னால் ஒன்று, பின்னால் இரண்டு. பின் பேரிங்குகளை எவ்வளவு அகலமாக வைக்கிறீர்களோ அவ்வளவுக்குக் கவிழாது. பழைய பேரிங் வாங்கினால் வெளி வளையத்தில் விரிசல் இருக்கிறதா என்று நகத்தால் தடவிப் பார்த்து வாங்குங்கள். எஃகு வளையம் ஈரமான சிமெண்டில் வழுக்கும், ஆகவே காய்ந்த தரையில் மட்டும் ஓட்டச் சொல்லுங்கள். பழைய லாரி டயர்த் துண்டைப் பின்பலகையில் ஆணியடித்துத் தொங்கவிட்டால் குதிகாலால் தரையோடு அழுத்தி நிறுத்தலாம்.