அந்த வயலினை எடுத்துவிடு, தம்பி



உன் குறும்படத்தைப் பார்த்தேன். கூட அனுப்பிய திரைக்கதைப் பிரதியையும் படித்துவிட்டேன். கேமரா, கோணம், படத்தொகுப்பு எல்லாம் உனக்கும் தெரியும், எனக்கும் தெரியும். அவற்றை விட்டுவிட்டு நேரே கொழுந்து மடுவத்துக்கு வருகிறேன்.

அந்த நிறுவைக் காட்சிதான் உன் படம். சாக்கைத் தராசில் மாட்டியதும் அந்த அம்மா கணக்கப்பிள்ளையின் முகத்தைப் பார்க்கவில்லை, முள்ளைப் பார்க்கிறாள். கொழுந்துக் கறை ஏறிக் கறுத்த விரல்கள் தராசை நோக்கி எழும்பி, பாதியில் நின்று, இடுப்பில் கட்டிய படங்கில் துடைத்துக்கொள்கின்றன. அவ்வளவையும் வெட்டாமல் பிடித்திருக்கிறாய். ‘தோட்டக்காரி’ 1963-ல் வந்தது, ‘புதிய காற்று’ 1975-ல் வந்தது. அந்தக் காலத்திலிருந்து நம் இலங்கை மலையகத்தைத் திரையில் தேடிக்கொண்டிருக்கிறவன் நான். இப்படி ஒரு கையை இதுவரை கண்டதில்லை. நீ இயக்குநர்தான். அதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

அதனால்தான் ஆத்திரம் வருகிறது. சாக்குக்கும் ஈரத்துக்கும் கிலோவைக் கழித்துவிட்டு “அரைப் பேர்தான்”, அதாவது அரை நாள் சம்பளம்தான், என்கிறார் கணக்கப்பிள்ளை. அந்த நொடியில் வயலின் அழத் தொடங்குகிறது. ஏன்? அரைப் பேர் என்றால் என்னவென்று உங்கள் மஸ்கெலியாவில் யாருக்குச் சொல்லித் தர வேண்டும்? தெரியாத ஊர்க்காரனுக்கும் அந்தக் கை சொல்லிவிட்டதே! அவள் அழாமல் நிற்கிறாள், நீ இசையை அழவிடுகிறாய். அவளுடைய வீம்பை நீயே பறித்துவிட்டாய். இதை என்னால் பொறுக்க முடியவில்லை.

பாலு மகேந்திராவைப் படி என்று உனக்கு எத்தனையோ முறை சொல்லியிருக்கிறேன், மறுபடியும் சொல்கிறேன். மட்டக்களப்பு அமிர்தகழியில் 1939-ல் பிறந்தவர். பள்ளிக்கூடச் சுற்றுலாவில் கித்துல்கலவுக்குப் போனபோது, அங்கே டேவிட் லீன் ‘தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்’ எடுத்துக்கொண்டிருந்தார். லீன் மழையைக் கூப்பிட்டார், மழை பெய்தது. அன்றைக்கே தானும் இயக்குநராக வேண்டும் என்று தீர்மானித்ததாக அவரே பலமுறை சொல்லியிருக்கிறார். உங்கள் மஸ்கெலியா ஓயாவும் கெஹெல்கமு ஓயாவும் சேர்ந்து களனி கங்கையாகி, அந்தக் கித்துல்கல வழியாகத்தான் போகிறது. அந்தப் பையன் பார்த்த ஆற்றில் உங்கள் மலைத் தண்ணீரும் ஓடியது. பிறகு புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவில் தங்கப் பதக்கம், 1977-ல் கன்னடத்தில் ‘கோகிலா’, 1982-ல் ‘மூன்றாம் பிறை’. அவர் படங்களை அவரே எழுதி, அவரே ஒளிப்பதிவு செய்து, பலவற்றை அவரே தொகுத்தார். ‘மூன்றாம் பிறை’க்கு ஒளிப்பதிவுக்கான தேசிய விருதும் கிடைத்தது.

ஒளி என்றதும் உன் இராக் காட்சிக்கு வர வேண்டியிருக்கிறது. லயத்துக் காம்பராவில் ஒரு கதவு, ஒரு சின்ன ஜன்னல், அடுப்புப் புகை பிடித்த சுவர். அதை நீ கலியாண மண்டபம் மாதிரி ஆக்கிவைத்திருக்கிறாய். அம்மாவின் நிழல் எந்தச் சுவரிலும் விழவில்லை. அடுப்பு வெளிச்சம் முகத்தில் பாதிக்குப் பட்டால் போதாதா? மீதி இருட்டாகவே இருக்கட்டும். அந்த இருட்டில்தானே நாம் வளர்ந்தோம்.

பாலு மகேந்திராவின் ‘வீடு’ 1988-ல் வந்த படம். எங்கள் தோட்டத்துக்கு அது கேசட்டாக வந்துசேரச் சில வருடங்களானது. திருவிழா இராத்திரியில் டெக்கையும் ஜெனரேட்டரையும் வாடகைக்கு எடுத்திருந்தார்கள். பாட்டு இல்லை, சண்டை இல்லை என்று பொடியன்கள் எழும்பிப் போனார்கள். பெண்கள் போகவில்லை. வாடகை வீட்டிலிருந்து கிளம்ப வேண்டிய ஒருத்தி, கடன் வாங்கி, சிமெந்துக்கு அலைந்து, பாதி எழுப்பிய வீட்டின் நிலத்தைக் கடைசியில் குடிநீர் வாரியம் எடுத்துக்கொள்கிறது. அவளாக நடித்தவர் அர்ச்சனா. படம் முடிந்ததும் எங்கள் லயத்துப் பெரியம்மா ஒருத்தி கேட்டாள்: “உறுதி யாரு பேருல இருந்திச்சு?” யாரும் பதில் சொல்லவில்லை. அங்கே இருந்த ஒருவர் பெயரிலும் ஒரு பேர்ச் காணி கிடையாது.

தன் அம்மா வீடு கட்டிய நாட்களின் நினைவிலிருந்து அந்தக் கதை வந்ததாக பாலு மகேந்திரா சொல்லியிருக்கிறார். அப்படிப்பட்டவருக்கும் இந்த நாட்டில் வைத்து ஒரு முழுநீளப் படம் எடுக்க வாய்க்கவில்லை. கன்னடம், மலையாளம், தெலுங்கு, இந்தி என்று எடுத்தார். கடைசிப் படம் ‘தலைமுறைகள்’ 2013-ல் வந்தது, 2014 பெப்ரவரியில் போய்விட்டார். அவருடைய சீடர் பாலா ‘பரதேசி’யில் தேயிலைத் தோட்டத்தை எடுத்தார், அது வேறு மலை. இந்த மலையை எடுக்க உன்னைப் போல இங்கே பிறந்தவன்தான் வர வேண்டும்.

உன் பிரதியின் கடைசிப் பக்கத்தில் அந்த அம்மா 7 பேர்ச் காணிக்கு விண்ணப்பம் கொடுத்ததாக ஒரு வரி வருகிறது. வந்த வேகத்தில் போய்விடுகிறது. தம்பி, உன் முழுநீளப் படம் அந்த வரியில்தான் இருக்கிறது. விண்ணப்பத்தை எழுதிக் கொடுத்தது யார், பிரதேச செயலகத்துக்குப் போன நாளில் அவள் பேர் என்னவானது, உறுதி என்று கையில் கொடுத்த கடதாசியில் உண்மையில் என்ன இருந்தது? லயத்தில் உட்கார்ந்து அவர்களிடமே கேட்டு எழுது. முதலில் அந்த வயலினை எடுத்துவிட்டுக் குறும்படத்தை மறுபடி அனுப்பு. தைப்பொங்கலுக்குள் திரைக்கதையின் முதல் பாதி என் கைக்கு வர வேண்டும்.